சோற்றுப் பானைக்கு முன்னால் ஒரு கோடு

காஜா பெராங், மலாக்கா.
28-11-1957, வியாழக்கிழமை.

மதிப்பும் பாசமும் நிறைந்த அண்ணன் நடராஜன் அவர்களுக்குத் தங்கை பொன்னம்மா வணங்கி எழுதுவது. இங்கே நானும் உங்கள் மருமகள் மல்லிகாவும் உடம்புக்கு ஒன்றுமில்லாமல் இருக்கிறோம். ஈப்போவில் நீங்களும் அண்ணியும் பிள்ளைகளும் அப்படியே இருக்கவேண்டும் என்று, இந்த வீட்டுக்குப் பின்னால் இருக்கும் செட்டிமார் கோயிலில் தினமும் கேட்டுக்கொள்கிறேன். உங்கள் முழங்கால் வலி எப்படி இருக்கிறது என்று எழுதவும். இந்தக் கடிதத்தைச் சாப்பிட்ட பிறகு படிப்பது நல்லது. இதில் சாப்பாட்டைப் பற்றி இருப்பதெல்லாம் பசியைக் கெடுக்கிற விஷயம்.

நீங்கள் என்னை அனுப்பிய காரியத்தை முதலில் சொல்லிவிடுகிறேன், பிறகு நான் எங்கே தவறினேன் என்று உங்களுக்கே விளங்கும். மல்லிகா இந்த ஊர் ஆஸ்பத்திரிக்கு நர்ஸாக வந்த இடத்தில், எக்ஸ்ரே அறையில் வேலை பார்க்கும் தேஜ் என்ற நேப்பாளப் பையனைக் கட்டிக்கொள்வேன் என்கிறாள். அதை நான் சத்தமில்லாமல் முறிக்க வேண்டும். "நேரா போய் முடியாதுன்னு சொன்னா பொண்ணு முறுக்கிக்கும். நீ சமையல் கத்துக்க வந்தவ மாதிரி போ. பத்து நாள் அந்த வீட்டுக்குள்ளயே இரு. ஒரு குத்தம் கிடைக்காமலா போயிடும்? எனக்கு எழுது, மிச்சத்தை நான் பாத்துக்கறேன்" என்று சொன்னீர்கள். சுதந்திர ஆண்டு மலருக்காகச் சிரம்பான் மாதர் சங்கம் மலாயாவில் உள்ள எல்லா இனத்தாரின் சமையலையும் தொகுக்கிறது என்ற பொய்யும் நீங்கள் கட்டிக் கொடுத்ததுதான். கோர்ட்டில் முப்பது வருஷம் அடுத்தவர் பொய்யை மொழிபெயர்த்தவர், கட்டுமானத்தில் குறை சொல்ல முடியாது. மல்லிகாவின் அப்பா போன நாளிலிருந்து உங்கள் பேச்சை நான் தட்டியதில்லை, இதையும் தட்டவில்லை. வந்து ஒன்பது நாளாகிறது. குற்றம் கிடைக்கவில்லை. சமையலும் வரவில்லை. இரண்டில் எது அதிக அவமானம் என்று எனக்கே தெரியவில்லை.

தெங்கேராவில் என் சிநேகிதி ஹஸீனா வீட்டில் தங்கி, பகலில் மட்டும் இங்கே வந்து போவது என்பதுதான் திட்டம். ஆனால் பஸ் ஸ்டாண்டில் இறங்கின உடனே பையனின் அப்பா என் டிரங்குப் பெட்டியைத் தோளில் தூக்கிக்கொண்டு நடந்துவிட்டார். பெயர் தாப்பா. கூர்க்கா பட்டாளத்தில் இருபது வருஷம் இருந்தவர், இப்போது ஆற்றோரத்து அரிசிக் கிடங்கில் ஜாகா, அதாவது காவல் வேலை. என் உயரத்துக்கு ஒரு சாண் குறைவு. அந்தப் பெட்டியில் பாதிக்கு மேல் புத்தகம், அதோடு ஓடுகிறார், பின்னால் நான் குடையைப் பிடித்துக்கொண்டு "மெதுவா, மெதுவா" என்று மலாயில் கத்திக்கொண்டு போகிறேன். செட்டிமார் குடியிருப்பான கம்போங் செட்டிக்கு வெளியே, கடைசிப் பலகை வீடு. வாசலில் அவர் மனைவி தன்மாயா நின்றாள். என்னைவிட இரண்டு வயது மூத்தவள், ஆனால் என்னைத்தான் 'தீதி' என்கிறாள், அக்கா என்று அர்த்தம். நானும் விடாமல் அவளை அக்கா என்றேன். ஒன்பது நாளாக இரண்டு அக்காக்கள், தங்கையே கிடையாது. பேச்சு முழுக்க மலாய். அதில் அவளுக்குப் பாதி வராது, எனக்கு மீதி வராது. நான் தமிழில் எழுதுவதால் எல்லாரும் நன்றாகப் பேசுவது போல இருக்கும், நம்பிவிட வேண்டாம்.

டீயும் பிஸ்கட்டும் தவிர எதுவும் வாயில் வைக்காதே என்று சொல்லியிருந்தீர்கள். அது முதல் ஒரு மணி நேரத்திலேயே போய்விட்டது. தட்டு நிறையச் சோறு, பருப்பு, கீரை, எள்ளு அரைத்த தக்காளி ஊறுகாய் என்று கொண்டுவந்து கூடத்தில் எனக்குத் தனியாக வைத்தாள். விருந்தாளி என்பதால் தனிப்பந்தி என்று நான் பெருமைப்பட்டுக்கொண்டேன். அந்தப் பெருமையைக் கொஞ்சம் ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், அதைப் பற்றிப் பிறகு அழ வேண்டியிருக்கிறது.

மறுநாள் பாடம் ஆரம்பித்தது. சிரம்பான் பள்ளிக்கூடத்தில் பதினாறு வருஷமாக மனையியலும் சுகாதாரமும் சொல்லிக்கொடுக்கிறவள் நான். புது நோட்டில் பொருள், அளவு, நேரம் என்று கோடு போட்டுக்கொண்டு போய் உட்கார்ந்தேன். எவ்வளவு மாவு என்று கேட்டேன். தன்மாயா கையை நீட்டி, "இவ்ளோ" என்றாள். எவ்வளவு நேரம் என்று கேட்டேன். "வாசனை மாறுற வரைக்கும்." எந்த வாசனையிலிருந்து எந்த வாசனைக்கு என்று கேட்டேன். அவள் என்னையே பார்த்தாள், நான் கேட்பேனே, 'இது கூடத் தெரியாமலா ஐந்தாம் வகுப்புக்கு வந்தாய்' என்று, அதே பார்வை. முதல் நாள் திண்டோ. பயப்பட வேண்டாம், கேழ்வரகு மாவைக் கொதிக்கிற தண்ணீரில் கிளறிக் கெட்டியாக்குவதுதான், நம் களிக்கு ஒன்றுவிட்ட தம்பி. களி எனக்குத் தெரியாதா என்ற திமிரில் பின்கட்டுக் கரி அடுப்பில் துடுப்பைப் போட்டுக் கிளறினேன். துடுப்பு நின்றுவிட்டது. இரண்டு கையாலும் பிடித்துத் திருப்பினேன், சட்டியே திரும்பியது. கடைசியில் தாப்பா வந்து சட்டியைக் காலால் அணைத்துக்கொள்ள, நான் கிளற, தன்மாயா மாவு தூவ, மூன்று பேருக்கும் வியர்த்துக் கொட்டியது. அதை மெல்லக் கூடாதாம், குழம்பில் தோய்த்து அப்படியே விழுங்க வேண்டுமாம். ஆசிரியைக்கு மெல்லாமல் எதுவும் இறங்காது. மென்றேன். பல்லில் ஒட்டிக்கொண்டு, மத்தியானம் முழுக்க என்னால் ஆமாம் என்று கூடச் சொல்ல முடியவில்லை. நான் கிளறியதை நான் மட்டும்தான் சாப்பிட்டேன். "பழகுறவங்க சமைச்சது பழகுறவங்களுக்கே" என்று தன்மாயா சொன்னாள். ருசி அப்படி என்று நினைத்துக்கொண்டேன்.

அடுத்து சேல் ரொட்டி. அரைத்த அரிசி, சர்க்கரை, நெய், கனிந்த வாழைப்பழம் எல்லாம் கலந்த மாவைக் கையால் அள்ளி, காய்கிற எண்ணெயில் வளையம் மாதிரி சுற்றி விடவேண்டும். தன்மாயா விட்டால் வளையல். நான் விட்டால் பினாங்கு, லங்காவி, நடுவில் கடல். மூன்றாம் நாள் வளையம் ஒரு மாதிரி வந்தது, ஆனால் நடுவில் ஓட்டை அடைத்துப் போயிற்று. பக்கத்து வீட்டுச் சீதா வேலிக்கு மேலே எட்டிப் பார்த்தாள். செட்டிமார் பெண், மலாய்க்காரிகள் போலக் கபாயாவும் சாரோங்கும் உடுத்தி நெற்றியில் திருநீறு பூசியிருப்பாள். முதல் நாள் அவளிடம் நான் ஆசையாகத் தமிழில் பேசப்போய், அவள் மலாயில் "எனக்குச் சாமி பேரு மட்டும்தான் தமிழ்ல தெரியும்" என்று சொல்லிவிட்டாள், பல தலைமுறையாக இங்கே மலாயே பேசிப் பழகிய குடும்பம். அவள் என் தட்டைப் பார்த்துவிட்டு, "இது ரொட்டியா, பட்டாளத்து மெடலா?" என்று கேட்டாள். ஆனால் அந்த ஓட்டையில்லாத ரொட்டியை எல்லாரும் சாப்பிட்டார்கள். சீதா நாலு சாப்பிட்டாள். அதனால் இன்னும் கொஞ்சம் திமிர் வந்தது.

பெரிய நாசம் இனிமேல்தான். குந்த்ருக் என்று ஒன்று. கடுகுக்கீரையை வாடவைத்து, கசக்கி, ஜாடியில் இறுக்கி அடைத்துப் புளிக்கவிட்டு, பிறகு வெயிலில் காயவைத்து வருஷம் முழுக்கச் சாறு வைக்கிறார்கள். நவம்பர் மாதத்து மலாக்காவில் வெயில் எங்கே இருக்கிறது? மேகம் விலகுகிற அரை மணிக்காக தன்மாயா ஜாடியைக் கட்டிக்கொண்டு காத்திருந்தாள். இரண்டு வாரமாகப் புளித்த கீரை அது, நான் வருவதற்கு முன்னமே அடைத்தது. சனிக்கிழமை அவள் காய்கறி வாங்கப் பாசாருக்குப் போகும்போது, வெயில் வந்தால் எடுத்துக் கொடியில் போடச் சொன்னாள். வெயில் வந்தது. ஜாடியைத் திறந்தேன். அண்ணா, அந்த வாசனையை எழுத எனக்குப் படிப்பு போதாது. பதினாறு வருஷமாகப் பிள்ளைகளுக்கு என்ன சொல்லிக்கொடுத்திருக்கிறேன்? எந்தப் பச்சைக் கீரையையும் பெர்மாங்கனேட் தண்ணீரில் அலசாமல் சாப்பிடாதே என்று. என் பெட்டியில் எப்போதும் ஒரு சின்னப் புட்டி இருக்கும், உங்களுக்குத் தெரியும். அலசினேன். கீரை முழுக்க ஊதாவாகி, பார்த்துக்கொண்டிருக்கும்போதே செங்கல் நிறமாகிவிட்டது. சீதாவின் ஆடு வேலி ஓரமாக வந்து ஒரு இலையை முகர்ந்து பார்த்துவிட்டுத் திரும்பிப் போய்விட்டது. தன்மாயா வந்து கொடியைப் பார்த்தாள். திட்டுவாள், திட்டினால் அதையாவது உங்களுக்கு எழுதலாம் என்று காத்திருந்தேன். அவள் கீழே உட்கார்ந்து, முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டாள். அழுகிறாள் என்று நினைத்து நானும் பக்கத்தில் உட்கார்ந்து அழுதேன். அவள் சிரித்துக்கொண்டிருந்திருக்கிறாள். "தீதி, இங்க் குடிச்ச கீரைக்கு இனிமே எழுதப் படிக்க வந்துடும்" என்றாள்.

இப்படிப்பட்டவளிடம் நான் என்ன குற்றத்தைக் கண்டுபிடிப்பது? இருந்தாலும் உங்களுக்குப் பயந்து தேடினேன். நோட்டின் முன்பக்கத்தில் சமையல் குறிப்பு, பின்பக்கத்திலிருந்து திருப்பினால் குற்றங்கள். ஆறு நாளில் ஐந்து குற்றம் எழுதியிருந்தேன். ஒன்று, மாமியார் பலமாகச் சிரிக்கிறாள். இரண்டு, மாமனார் தூங்கும்போது யாருக்கோ சல்யூட் அடிக்கிறார். மூன்று, வீட்டில் நாற்காலி ஒன்றுதான், அதிலும் என்னைத்தான் உட்காரவைக்கிறார்கள். நாலாவதும் ஐந்தாவதும் இதைவிடச் சப்பை. திங்கட்கிழமை டியூட்டி முடிந்து வந்த மல்லிகா என் நோட்டை எடுத்துப் புரட்டியிருக்கிறாள். "அம்மா, 'பையன் அம்மா கையிலிருந்து தட்டை வாங்கிக் கழுவுகிறான்'னு போட்டிருக்கியே, இது ரெசிப்பியா குத்தமா?" என்றாள். நோட்டைப் பிடுங்கிக்கொண்டேன். அவள் கோபப்படவில்லை. "நீ எதுக்கு வந்தேன்னு இவங்களுக்கு மொத நாளே தெரியும்மா. நான்தான் சொன்னேன். தேஜோட அப்பா மட்டும் என்ன, தினமும் சாயங்காலம் உன்னைப் பத்தி அவங்க அண்ணனுக்கு லெட்டர் போட்டுக்கிட்டுதான் இருக்காரு."

அங்கேயும் ஒரு அண்ணன். சுங்கை பட்டாணியில் இருக்கிறாராம், பட்டாளத்தில் சுபேதாராக இருந்து ஓய்வு பெற்றவர், எழுபது வயதுக்கு மேல். அவர் வார்த்தை இல்லாமல் தாப்பா வீட்டில் கோழி கூட முட்டையிடாது. நான் உங்களுக்கு எழுதக் குற்றம் தேடிக்கொண்டிருந்த அதே மேஜையின் மறுபக்கத்தில் உட்கார்ந்து, அந்த மனிதர் என்னைப் பற்றி எழுதியிருக்கிறார். நான் கூட ஒருநாள் அவருக்கு மை கொடுத்தேன்.

செவ்வாய்க்கிழமைதான் எனக்குக் கண் திறந்தது. சமையல் அறையில் விறகு அடுப்பைச் சுற்றித் தரையில் செம்மண்ணால் ஒரு கோடு மெழுகியிருக்கிறது. தன்மாயா காலையில் குளித்துவிட்டு வந்து அதைப் புதுப்பிப்பாள். சுத்தத்துக்கு என்று நினைத்து, நோட்டில் முன்பக்கம் 'பாராட்டத்தக்கது' என்று எழுதிக்கூட வைத்திருந்தேன். எனக்குப் பாடம் எல்லாம் பின்கட்டுக் கரி அடுப்பில். ஒன்பது பலகாரம் சொல்லிக்கொடுத்தவள், சோறு வடிக்க மட்டும் சொல்லிக்கொடுக்கவில்லை. அன்று சோற்றுப் பானை பொங்கி வழிந்தது, தன்மாயா கிணற்றடியில் இருந்தாள், மூடியை எடுக்கலாம் என்று நான் போனேன். வேலிக்கு அந்தப் பக்கத்திலிருந்து சீதா, "போகாதே லா, கோட்டுக்கு வெளியே நில்லு" என்றாள். ஏன் என்றேன். "நெய்யில பொரிச்சது யாரு கையாலயும் தின்பாங்க. தண்ணியில வெந்த சோறு சொந்தக்காரங்க கையால மட்டும்தான். நீ வச்ச சோத்தை அவங்க தின்னாதான் நீ சொந்தம். பதினோரு வருஷமா பக்கத்து வீடு நான், என் கேக்கைத் தின்பாங்க, சோத்தைத் தின்னதில்ல. நான் அழுவுறேனா?"

நான் அழுதேன். என் திண்டோவை யாரும் தொடாததும் கூடத்தில் தனிப்பந்தி போட்டதும் எதற்கு என்று அப்போதுதான் புரிந்தது. அதிலும் ஒரு கொடுமை, திண்டோவைத் தொடாதது வழக்கத்தினாலா, இல்லை அது நிஜமாகவே அவ்வளவு மோசமா என்று இனி எனக்குத் தெரியவே போவதில்லை. தன்மாயாவிடம் கேட்டேன். அவள் மறைக்கவில்லை. "என்னைக் கேட்டா இன்னிக்கே உள்ளே வா தீதி. இவரோட அண்ணன் சொல்லணும்." தாப்பா தரையைப் பார்த்துக்கொண்டே, "அண்ணன் சொல்லணும்" என்றார். அந்த முகத்தை எங்கேயோ பார்த்திருக்கிறோமே என்று யோசித்தேன். என் கண்ணாடியில் பார்த்திருக்கிறேன்.

நேற்று அண்ணனின் பதில் வந்துவிட்டது. தேஜ் படித்து, மல்லிகாவுக்குச் சொன்னான், அவள் எனக்குச் சொன்னாள். கல்யாணம் செய்துகொள்வதானால் செய்துகொள்ளட்டும், ஆனால் மதராஸ்காரப் பெண்ணின் கைச்சோறு நம் வீட்டில் ஆகாது, அவள் கோட்டுக்கு வெளியேதான் இருக்கவேண்டும் என்று எழுதியிருக்கிறார். மல்லிகா கடிதத்தை நாலாக மடித்து அவனிடமே கொடுத்தாள். "ஆயுசு முழுக்க வெளியில உக்காந்து என்னால சாப்பிட முடியாதும்மா. நான் வந்துடறேன், சிரம்பானுக்கே டிரான்ஸ்பர் கேக்கறேன்" என்றாள். தேஜ் தட்டுகளைக் கழுவிக்கொண்டிருந்தான், கழுவின தட்டுகளையே திரும்பவும் கழுவினான்.

ஆக, நீங்கள் அனுப்பிய காரியம் முடிந்தது அண்ணா. நான் முறிக்கவில்லை, தானாகவே முறிந்தது. எனக்குச் சந்தோஷமாக இருந்திருக்க வேண்டும். இல்லை. வேண்டாம் என்று சொல்ல வந்தவளை அவர்கள் வேண்டாம் என்றதும் எனக்கு ஏன் இப்படி எரிகிறது என்று உட்கார்ந்து யோசித்தேன். நேற்று மத்தியானம் தெங்கேராவுக்கு நடந்தே போய் ஹஸீனாவைப் பார்த்தேன். பதினைந்து வருஷச் சிநேகிதம், அவள் வீட்டில் நான் பழம் சாப்பிட்டிருக்கிறேன், பால் குடித்திருக்கிறேன், சோற்றுக்கு நேரம் வந்தால் எனக்கு வயிற்று வலி வந்துவிடும். அப்பா நமக்குப் பழக்கிவிட்ட வயிற்று வலி. நேற்று அவள் வழக்கம்போலப் பழத்தட்டைக் கொண்டுவந்தாள். சோறு இருக்கிறதா என்று கேட்டேன். அவள் பழத்தட்டைத் தள்ளி வைத்துவிட்டு, "வயிறு சரியாயிடுச்சா பொன்னு?" என்றாள். அவ்வளவுதான் கேட்டாள், சோற்றைப் போட்டாள். பதினைந்து வருஷமாக அவளுக்குத் தெரிந்திருக்கிறது.

இதற்கு மேல் எழுத மனமில்லை. நாளை வெள்ளிக்கிழமை பன்னிரண்டு மணி பஸ்ஸில் நான் கிளம்புகிறேன். மாத முடிவில் மல்லிகா வந்துவிடுவாள். இந்தச் சம்பந்தம் முடிந்தது, இனி யாரும் இதைப் பேச வேண்டியதில்லை. அண்ணிக்கு என் அன்பு, பிள்ளைகளுக்கு என் ஆசி, உங்கள் முழங்காலுக்கு என் பிரார்த்தனை. எல்லாரையும் அந்த முருகன் நன்றாக வைக்கட்டும், என்னை எப்படி வேண்டுமானாலும் வைக்கட்டும்.

இப்படிக்கு,
சொன்னதைச் செய்தும் நிம்மதி இல்லாத தங்கை,
பொன்னம்மா

பி.கு. வெள்ளிக்கிழமை, மத்தியானம் மூன்று மணி. பஸ்ஸில் நான் ஏறவில்லை. காலையில் பெட்டியைக் கட்டிவிட்டு இந்தக் கடிதத்தை ஒட்டப் பசை தேடிக்கொண்டிருந்தேன். தாப்பா கிடங்கில், தேஜும் மல்லிகாவும் ஆஸ்பத்திரியில், எனக்கு வழிக்குக் கட்டிக்கொடுக்க ஏதோ வாங்க தன்மாயா பாசாருக்குப் போயிருந்தாள். நல்ல மழை. ஒரு கிழவர், ஒடிந்த குடையும் தகரப்பெட்டியுமாகப் படியேறி வந்து, முக்காலியில் உட்கார்ந்து கண்ணை மூடிக்கொண்டார். உதடு வெளுத்திருந்தது. "நேத்து காலையில இருந்து சாப்பிடல. கடையில நான் சோறு திங்கிறதில்ல" என்று மலாயில் சொன்னார். ரொட்டி டின்னைத் திறந்தேன், காலி. சோற்றுப் பானையும் காலியாகத்தான் இருந்தது. கோட்டைப் பார்த்தேன், அவரைப் பார்த்தேன், தாண்டிப் போய் அடுப்பைப் பற்றவைத்தேன். நான் அவர் பெயரைக் கேட்கவில்லை, அவரும் என் பெயரைக் கேட்கவில்லை. கேட்டிருந்தால் இரண்டு பேரும் பட்டினி. சோறு வடித்து, பருப்பை வேகவைத்து, தக்காளியைச் சுட்டு நசுக்கி வைத்தேன். மூன்று முறை கேட்டு வாங்கிச் சாப்பிட்டார். கை கழுவிக்கொண்டிருக்கும்போது தாப்பாவும் தன்மாயாவும் ஒன்றாக உள்ளே வந்தார்கள். தாப்பா கிழவர் காலில் விழுந்து "அண்ணா" என்றார். தன்மாயா தட்டைப் பார்த்தாள், என் கையில் கரியைப் பார்த்தாள், கையிலிருந்த கூடையைக் கீழே போட்டுவிட்டாள். அவரும் என்னைப் போலவே முறிக்கத்தான் வந்திருக்கிறார், கடிதம் போதாது என்று நேரில். எல்லாவற்றையும் தாப்பா அவர் காதில் சொன்னார். கிழவர் தட்டில் ஒட்டியிருந்த ஒரு பருக்கையை எடுத்து விரலால் நசுக்கினார். பிறகு என்னை நிமிர்ந்து பார்த்து, "சோறு குழைஞ்சு போச்சு. அடுத்த தடவை தண்ணியைக் குறைச்சு வை" என்றார். 'அடுத்த தடவை' என்றதும் தன்மாயா என்னைக் கட்டிக்கொண்டு அழ ஆரம்பித்தவள், ஆள் விட்டு மல்லிகாவைக் கூட்டிவந்த பிறகும் நிறுத்தவில்லை.

ஆகையால் மேலே எழுதியிருப்பது எதையும் கணக்கில் எடுக்க வேண்டாம். தை மாதம் கல்யாணம். அதற்கு முன்னால், வருகிற ஞாயிற்றுக்கு அடுத்த ஞாயிறு, பெண் வீட்டுப் பெரியவர் வந்து தன்மாயா கையால் சோறு சாப்பிட வேண்டும் என்று அந்த அண்ணன் கேட்கிறார். ஒரு பக்கம் மட்டும் சாப்பிட்டால் அது சம்பந்தம் ஆகாதாம், நியாயம்தானே. "உங்க அண்ணன் சாப்பிடுவாரா?" என்று கேட்டார். சுதந்திர தினத்தன்று ஈப்போ கிளப்பில், இந்த நாட்டில் எல்லாரும் ஒரே பந்தியில் உட்காரும் காலம் வந்துவிட்டது என்று நீங்கள் பேசி எல்லாரும் கைதட்டினதை முழுக்க மொழிபெயர்த்துச் சொன்னேன். என் அண்ணனுக்கு அந்த மாதிரி வித்தியாசம் எதுவும் கிடையாது, எங்கேயும் கை நனைப்பார் என்றும் சொன்னேன். நாற்பத்து மூன்று வருஷத்தில் உங்களைப் பற்றி நான் சொன்ன ஒரே பொய் இதுதான் அண்ணா. வந்து சாப்பிட்டு அதை மெய்யாக்கிவிடுங்கள்.